செங்கல் கடலில் போன நாள்

நான்டுக்கெட் தீவில் பிங்கம் வீட்டில் பிறந்தவர்கள் ஏழு பேர். மூத்தவள் ஜூடித். அவளுக்கு அடுத்தது இரண்டு ஆண். இரண்டும் கண்டத்தின் தென்கோடியிலுள்ள ஹார்ன் முனையைத் தாண்டித் திமிங்கல வேட்டைக்குப் போய்த் திரும்பவில்லை. அதற்கடுத்த இரண்டு பெண்களும் தட்டம்மையில் ஒரே வாரத்தில் போயின. ஆறாவது ஷூபல். ஏழாவது பிறக்கும்போது தாயும் பிள்ளையுமாகப் போய்விட்டார்கள். அன்றைக்கு ஜூடித்துக்குப் பதினேழு வயது, ஷூபலுக்கு நாலு. அப்பன் கடலில். பிள்ளைக்குக் கஞ்சி ஊட்டியது, காதைத் திருகிப் பள்ளிக்கு அனுப்பியது, காய்ச்சலில் மடியில் போட்டுக் கிடந்தது எல்லாம் அக்காதான். அவள் லேபன் பேடக்கைக் கட்டிக்கொண்டு போனபோது தம்பியையும் சீதனம் மாதிரிக் கூடவே கூட்டிக்கொண்டு போனாள். லேபன் ஒரு வார்த்தை முகம் சுளிக்கவில்லை.

லேபனைப் பற்றித் தீவில் யாரைக் கேட்டாலும் ஒன்றைத்தான் சொல்வார்கள்: அந்த மனிதன் வாயில் பொய் வராது. சபையில் பெரியவர்களுக்கான முன் பலகையில் உட்காருகிற குடும்பம். சாம்பல் நிறக் கோட்டு, விளிம்பு அகன்ற தொப்பி. கப்பலில் சவுக்கு எடுத்ததில்லை, கெட்ட வார்த்தை பேசியதில்லை. முப்பத்தெட்டு வயதில் 'ஹெப்சிபா' கப்பலுக்குக் கேப்டன். ஷூபல் தன் மூன்றாவது பயணம் அத்தானின் கப்பலில்தான் ஈட்டிக்காரனாகப் போனான். அப்போது அவன் கல்யாணமாகிப் பத்து வாரம்.

கட்டிக்கொண்டவள் டாம்சின். அவளுடைய அப்பன் இருபது வருஷத்தில் வீட்டில் இருந்தது மொத்தம் பத்தொன்பது மாசம். அதை அவள் அம்மா கதவு நிலையில் கத்தியால் கீறிக் கீறி வைத்திருந்தாள். டாம்சின் கப்பல் துறைக்கு வழியனுப்ப வரவில்லை. முதல் நாளே சமையலறையில் வைத்துச் சொல்லிவிட்டாள்.

"மூணு குளிர்காலம் தனியா இருப்பேன். நாலாவது வசந்தத்துல நீ இந்த நாற்காலில உக்காந்திருக்கணும். இல்லாட்டி நான் ஒஹையோவுல எங்கண்ணன் சைலஸ் பண்ணைக்குப் போயிடுவேன். கடலே கண்ணுல படாத ஊரு."

"திமிங்கலம் என்ன, உன் கணக்குப் பாத்தா வரும்?"

"திமிங்கலத்தக் கேக்கல. உன்னத்தான் கேக்கறேன்."

"வந்துடுவேன்."

"உங்கத்தான் கூட்டிட்டு வரணுமே."

"அத்தான் சொன்னா சொன்னதுதான். நேத்துக்கூட அக்கா முன்னாடி மூணு வருஷம், அதிகம் போனா மேல அஞ்சு மாசம்னு சொன்னாரு."

"அப்ப சரி," என்று அவள் வாணலியைத் தேய்க்கப் போனாள். அவள் சரி என்றால் சரி. அந்த நாலாவது வசந்தத்தை நெஞ்சில் வைத்துக்கொண்டுதான் ஷூபல் மூன்று வருஷம் உப்புக்கண்டமும் புழு வைத்த கட்டி ரொட்டியும் தின்றான்.

பயணம் மோசமில்லை. சிலி நாட்டுக் கரையோரம் ஒன்பது திமிங்கலம், பூமத்திய ரேகையோரம் பதினாலு, ஜப்பான் கடலில் இரண்டு கோடை. ஷூபல் ஈட்டி எறிந்ததில் தப்பியவை நாலே நாலு. ஒரே ஒருமுறை படகு உடைந்தது. ஒரு போர்த்துகீசியப் பையனின் கை போனது. வேட்டைக் கப்பலில் மூன்று வருஷத்துக்கு இது கொஞ்சம்.

திமிங்கலக் கொழுப்பைக் காய்ச்சுகிற அடுப்பு முன்பாய்மரத்துக்குப் பின்னால் மேல்தட்டிலேயே இருக்கும். செங்கல் வைத்துக் கட்டியது. நடுவில் இரண்டு பெரிய இரும்புக் கொப்பரை. திமிங்கலம் கிடைத்தால் அது இராப்பகலாக எரியும். அதன் புகை சட்டையில், தாடியில், ரொட்டியில், கனவில் எல்லாம் ஏறிவிடும். வேட்டை முடிந்து வீட்டுக்குக் கிளம்பும்போது கேப்டன் ஒரு உத்தரவு கொடுப்பார்: அடுப்பை இடி. அவ்வளவுதான். பேச்சு கிடையாது, அறிவிப்பு கிடையாது. ஆட்கள் வரிசையாக நின்று கையோடு கை மாற்றிச் செங்கலைக் கடலில் வீசுவார்கள். அதன் பிறகு வீட்டுக்கா என்று யாரும் கேட்பதில்லை. கேட்பதே அபசகுனம். செங்கல் போனால் வீட்டுக்கு. எங்கள் தாத்தாமார் காலத்திலிருந்து அப்படித்தான்.

மூன்றாம் வருஷம் நவம்பரில், தண்ணீருக்கும் காய்கறிக்கும் நடுக்கடல் தீவிலுள்ள லஹைனா துறைமுகத்துக்குப் போவதற்கு முந்தின நாள் காலை, லேபன் மேல்தட்டுக்கு வந்தார். கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு அடுப்பை ஒருமுறை சுற்றி வந்தார்.

"இடிச்சுடுங்க," என்றார்.

கப்பலே ஆடியது. கடப்பாறை எடுத்தவன் ஒருவன், வெறும் கையால் பிய்த்தவன் ஒருவன். சமையற்காரன் கரண்டியோடு ஓடிவந்தான். கரி பிடித்த செங்கல்கள் பொத்து பொத்தென்று தண்ணீரில் விழுந்தன. ஷூபல் ஒவ்வொன்றையும் வீசும்போது ஆண்டவருக்கு ஒரு நன்றி சொன்னான்.

அவனுக்குப் பக்கத்தில் நின்று கல் மாற்றியவன் ஜோயல் ஜெஃபர்ஸ். பக்கத்துத் தீவில் கே ஹெட் ஊர்க்காரன், வாம்பனோக் என்ற பூர்வகுடி. இன்னொரு படகுக்கு ஈட்டிக்காரன். மூன்று வருஷத்தில் ஷூபலுக்கு இவனைவிடப் பெரிய கூட்டாளி இல்லை. அவன் வீசிக்கொண்டே முணுமுணுத்தான்.

"என்னடா இது, இவ்வளவு சீக்கிரமா? ஹார்னைத் தாண்டித்தானே இடிப்பாங்க?"

"சந்தோஷப்படுடா."

"கீழ நானூறு பீப்பா காலியா கிடக்கு. அதுல காத்த ரொப்பியா கொண்டுபோகப் போறாரு உங்கத்தான்?"

"உனக்கு எதுலதான் சந்தேகமில்ல."

ஜோயல் கல்லைக் கையில் வைத்துக்கொண்டே நின்றான். பிறகு குரலைத் தாழ்த்தினான். "இதப் பாரு. லஹைனாவுல எங்க மாமன் மகன் கப்பல் நிக்குது. வீட்டுக்குப் போற கப்பல். எனக்கு ஒரு இடம் வெச்சிருக்கான், போன மாசம் கடல்ல சந்திச்சப்ப சொன்னான். மூட்டையெல்லாம் கட்டிட்டேன். நாளைக்கு ராத்திரி இறங்கி ஓடலாம்னு இருந்தேன். என்னோட இன்னும் ஆறு பேரு. இப்ப நீ சொல்லு. உங்க வீட்டு ஆளு அவரு. ஓடவா, இருக்கவா?"

ஓடினால் மூன்று வருஷச் சம்பளப் பங்கும் போய்விடும், பேரும் போய்விடும். ஆனால் இன்னொரு வருஷம் ஜப்பான் கடலில் கிடப்பதற்கு அது மேல் என்று நினைக்கிறவர்கள் எல்லாக் கப்பலிலும் உண்டு.

"இரு, கேட்டுட்டு வரேன்," என்றான் ஷூபல்.

லேபன் தன் அறையில் பைபிளைத் திறந்து வைத்திருந்தார். ஷூபல் தொப்பியைக் கழற்றாமல் நின்றான்; எங்கள் சபையில் யாருக்கும் தொப்பி கழற்றுவதில்லை, கேப்டனையும் 'நீ' என்றுதான் சொல்வோம்.

"அத்தான், பசங்க கேக்கறாங்க."

"என்ன கேக்கறாங்க?"

"நேரா வீட்டுக்குத்தானேன்னு."

லேபன் நிமிர்ந்து பார்த்தார். நல்ல சாந்தமான முகம். "ஏம்பா, கல்லக் கடல்ல போட்டது நீதானே?"

"ஆமா."

"அப்புறம் என்கிட்ட என்ன கேள்வி? டாம்சினுக்கு ஒரு கடிதாசி எழுது. நாளைக்கு நியூ பெட்ஃபோர்டுக்குப் போற கப்பல் ஒண்ணு நம்ம தபாலை வாங்கிக்கும்."

ஷூபல் மேலே வந்து ஜோயலிடம் சொன்னான்: "வீட்டுக்குத்தான். என் தலைமேல சத்தியம்." சபைக்காரன் சத்தியம் செய்யக்கூடாது. அன்றைக்கு அவனுக்கு அது நினைவிலேயே இல்லை. ஜோயல் மூட்டையை அவிழ்த்தான். அந்த ஆறு பேரும் அவிழ்த்தார்கள்.

ஷூபல் எழுதிய கடிதம் நாலு வரி. அடுப்பை இடித்தாயிற்று, ஏப்ரலில் வீட்டில் இருப்பேன், நாற்காலியைத் துடைத்து வை, ஒஹையோவுக்கு எழுதி வரவில்லை என்று சொல்லிவிடு. மற்றவர்களும் எழுதினார்கள். எல்லாம் ஒரே தோல் பையில் போயிற்று. கேப்டன் ஜூடித்துக்கு எழுதியதும் அதே பையில்தான் போயிற்று.

லஹைனாவில் நாலு நாள். ஆட்கள் கரைக்குப் போய்த் தர்பூசணி தின்றார்கள், வெறுங்காலில் புல்லில் நடந்தார்கள், பாடிக்கொண்டே கப்பலுக்குத் திரும்பினார்கள். ஒருத்தன்கூட ஓடவில்லை. அவர்கள் கரையில் இருந்தபோது தீவுக்காரர்களின் படகுகள் வந்து உருளைக்கிழங்கு மூட்டைகளை ஏற்றிவிட்டுப் போயின. கப்பல் கிளம்பியது. தெற்கே போகிறது என்று எல்லோரும் நினைத்தார்கள், தெற்கேதான் போயிற்று. பன்னிரண்டாம் நாள், ஓட ஒரு கரையும் இல்லாத நடுக்கடலில், லேபன் கிழங்கு மூட்டைகளைப் புரட்டச் சொன்னார். அடியில் செங்கல். புத்தம்புதுச் செங்கல், பக்கத்திலேயே சுண்ணாம்புப் பீப்பாய். லஹைனாவில் ஒரு பழைய கப்பலை உடைத்துவிட்டார்கள்; அதற்கென்று வந்திருந்த செங்கலை வாங்கியிருக்கிறார்.

"பழைய அடுப்பு வெந்து போச்சு," என்றார் லேபன், அதே சாந்தத்தோடு. "புதுசாக் கட்டணும். பூமத்திய ரேகையில ஒரு பருவம், ஜப்பான்ல ஒரு பருவம். நானூறு பீப்பாயையும் ரொப்பிட்டுப் போவோம்."

ஷூபல் முன்னால் போனான்.

"அத்தான், நீ வீட்டுக்குன்னு சொன்னே."

"நான் சொன்னேனா? நல்லா நெனச்சுப் பாரு. அடுப்ப இடின்னு சொன்னேன். வெந்த அடுப்பு, இடிச்சோம். வேற ஒரு வார்த்தை என் வாயிலேர்ந்து வந்துச்சா?"

ஷூபல் நினைத்துப் பார்த்தான். வரவில்லை.

அவன் திரும்பியபோது இருபத்தேழு பேரும் கேப்டனைப் பார்க்கவில்லை, அவனைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஜோயல் மெல்லக் கேட்டான்.

"தெரிஞ்சுதான் சொன்னியா?"

"இல்லடா. எங்கம்மா மேல..."

"வேணாம். அன்னைக்கே தலைமேல பண்ணிட்டே."

அதற்குப் பிறகு இருபத்தோரு மாசம் ஜோயல் அவனிடம் வேலைக்கு வேண்டியது தவிர ஒரு வார்த்தை பேசவில்லை. கப்பல் முழுக்க அப்படித்தான். அவன் சாப்பிட உட்கார்ந்தால் பக்கத்தில் இருப்பவன் தட்டை எடுத்துக்கொண்டு நகருவான். "மச்சினன் வந்துட்டான், மூடுடா வாயை," என்பார்கள். கேப்டனின் உளவாளி என்று பேர். கேப்டனோ அவனைத் தம்பி என்றுதான் கூப்பிட்டார், ஞாயிறன்று தன் மேஜையில் உட்காரச் சொன்னார். ஷூபல் போகவில்லை. அவன் மனசில் ஓடியது ஒன்றே ஒன்று: ஏப்ரல் வரும், டாம்சின் நாற்காலியைத் துடைத்து வைப்பாள். எப்படியாவது ஒரு வரி எழுதி அனுப்பிவிட வேண்டும்.

கடலில் வேட்டைக் கப்பல் ஒன்றையொன்று கண்டால் நின்று பேசுவதும், தபால் மாற்றிக்கொள்வதும் வழக்கம். ஷூபல் கடிதம் எழுதிச் சட்டைக்குள் வைத்துக்கொண்டு காத்திருந்தான். ஆனால் எங்கே பாய் தெரிந்தாலும் லேபன் கப்பலைத் திருப்பினார். தண்ணீர்கூட ஆளில்லாத தீவுகளில்தான் பிடித்தார். பதினொரு தடவை தூரத்தில் கப்பல் தெரிந்தது. பதினொரு தடவையும் ஷூபலின் கடிதம் வியர்வையில் ஊறிக் கிழிந்தது, மறுபடி எழுதினான்.

எண்ணெய் நிறைந்தது. வீட்டுக்குத் திரும்பும் வழியில் ஹார்ன் தாண்டி, லேபன் மறுபடி அடுப்பை இடிக்கச் சொன்னார். ஆட்கள் இடித்தார்கள். ஒருத்தன் வாயிலும் சத்தம் வரவில்லை.

செப்டம்பரில் ஹெப்சிபா மணல்திட்டுக்கு வெளியே நங்கூரம் போட்டது. சொன்ன நாளுக்குப் பதினேழு மாசம் பிந்தி. ஆட்களைச் சின்னப் படகில் ஏற்றித் துறைக்குக் கொண்டுவந்தார்கள். துறையில் கூட்டம், ஆனால் கப்பல் வந்தால் போடுகிற கூச்சல் இல்லை. பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு நின்றார்கள். மீன் கூடையோடு வந்த ஒரு கிழவர் ஷூபலின் கன்னத்தைத் தொட்டுப் பார்த்தார்.

"நெசமாவே பிங்கம் பையன்தானா?"

"ஏன் தாத்தா?"

"உங்களையெல்லாம் கடல் எடுத்துக்கிச்சுன்னுல்ல இருந்தோம். அடுப்ப இடிச்சாச்சுன்னு பதினோரு வீட்டுக்குக் கடிதாசி வந்துச்சு. அடுப்பு போன கப்பல் வரலைன்னா வேற என்ன அர்த்தம்? ஹார்ன்ல போயிட்டிங்கன்னு சபையில உக்காந்து அழுதோம்."

"டாம்சின் எங்க?"

கிழவர் கூடையைக் கீழே வைத்தார். "ஒரு வருஷத்துக்கு மேல கடலப் பாத்துக்கிட்டுக் கூரையிலதான் நின்னா. மழைலயும் நின்னா. இந்த ஜூன்ல அவ அண்ணன் வந்து கூட்டிட்டுப் போனான். உன் துணிமணியெல்லாம் ஏழைங்களுக்குக் குடுத்துட்டுப் போனா."

துறையில் எல்லோரும் பேயைக் கண்டது போல நிற்க, ஒரு ஆள் மட்டும் அப்படி நிற்கவில்லை. ஜூடித். கஞ்சி போட்ட வெள்ளைக் குல்லாவும் சுத்தமான சால்வையுமாக வந்து, புருஷன் கையைப் பிடித்து, "பிரயாணம் சௌகரியமா?" என்று கேட்டாள். அப்போதுகூட ஷூபலுக்கு ஒன்றும் தோன்றவில்லை. அக்காவுக்குப் பொறுமை அதிகம் என்றுதான் நினைத்தான்.

வீட்டுக்குப் போனதும் அவள் அவன் நடுங்குவதைப் பார்த்து உள்ளே போய் ஒரு கோட்டைக் கொண்டுவந்தாள். அவனுடைய சொந்தக் கோட்டு, பழுப்புக் கம்பளி. தூசி தட்டி, பூச்சி அரிக்காமல் புகையிலை வைத்து மடித்திருந்தது.

"போட்டுக்கோ, குளிருதுல்ல."

ஷூபல் ஒரு கையை நுழைத்தான். அப்படியே நின்றான்.

"அக்கா, டாம்சின் எல்லாத்தையும் குடுத்துட்டான்னாங்களே."

"இத மட்டும் நான் கேட்டு வாங்கி வெச்சேன்."

"எதுக்கு?"

"நீ வந்தா வேணுமேன்னு."

"நான் செத்துட்டேன்னு சபையில உக்காந்து அழுதீங்க. அப்புறம் எப்படி வருவேன்?"

ஜூடித் அடுப்பில் கொதித்த பாத்திரத்தை இறக்கப் போனாள். லேபன் சாப்பாட்டு மேஜையில் கண்ணை மூடி ஜெபத்தில் இருந்தார்.

"அத்தான் உனக்கு எழுதினாரு," என்றான் ஷூபல். "அதே பையில."

"கத்தாத."

"நான் கத்தவே இல்ல."

"எழுதினாரு," என்றாள் அவள். "இன்னொரு பருவம் இருப்போம், யார்கிட்டயும் சொல்லாதன்னு எழுதினாரு. சொன்னா என்ன ஆகும், தெரியுமா உனக்கு? ஆளுங்கள ஏமாத்தினாருன்னு சபையில விசாரிப்பாங்க. தள்ளி வெச்சிடுவாங்க. அவங்கப்பா உக்காந்த பலகை அது. நெறஞ்ச கப்பலோட வந்துட்டா யாரும் கேக்க மாட்டாங்க, எல்லாம் ஆறிப்போயிடும்னு..."

"அவ கூரை மேல நின்னா."

"தெரியும்."

"பதினோரு வீடு, அக்கா. நீ என்ன பண்ணே?"

"தினம் சாயங்காலம் சிப்பி சூப் வெச்சுக் கொண்டுபோய்க் குடுப்பேன். நானே கூட நிப்பேன் சில நாள். பாவம்டா அவ."

லேபன் கண்ணைத் திறந்தார். "தம்பி, நான் எங்கேயும் ஒரு பொய் சொல்லல. அவளும் சொல்லல. இதப் புரிஞ்சுக்க."

ஷூபல் நுழைத்த கையைக் கோட்டிலிருந்து எடுத்தான். நாற்காலியின் மேல் அதை மடித்துப் போட்டான். அக்காவைப் பார்த்தான். தன்னை மடியில் போட்டு வளர்த்தவள். மறுநாள் காலை நீராவிப் படகில் கரை நாட்டுக்குப் போனான். போகிற வழியில் துறையில் ஜோயல் தன் ஊருக்குப் படகு ஏற நின்றான். ஷூபல் கையை நீட்டினான். ஜோயல் அந்தக் கையைப் பார்த்தான். மூட்டையை ஒரு தோளிலிருந்து இன்னொரு தோளுக்கு மாற்றிக்கொண்டான்.

கால்வாய்ப் படகும் வண்டியும் நடையுமாக ஒஹையோ போய்ச் சேர நவம்பர் ஆயிற்று. சைலஸ் பண்ணைக் கொட்டகையில் டாம்சின் சோளம் உரித்துக்கொண்டிருந்தாள். அவனைப் பார்த்ததும் எழவில்லை. கையிலிருந்த கதிரை உரித்து முடித்துக் கூடையில் போட்டாள்.

"நீ செத்தவன்," என்றாள்.

அவன் நின்றபடியே கப்பலில் நடந்ததையெல்லாம் சொன்னான். அவள் குறுக்கே பேசாமல் கேட்டாள்.

"அடுப்ப இடிச்சாங்கன்னு எழுதியிருக்கலாம்," என்றாள் பிறகு. "ஏப்ரல்ல வருவேன்னு யாரக் கேட்டு எழுதினே? அந்தக் கடிதாசி வராட்டி, வசந்தம் வரைக்கும் பாத்துட்டு உன்மேல கோவத்தோட இங்க வந்திருப்பேன். கோவத்தோட இருந்திருந்தா நல்லாருந்திருப்பேன். நீ என்னை அழ வெச்சுட்டே."

"அத்தான்தான்..."

"உங்கத்தான விடு. அவரு எனக்கு யாரு?"

ஜூடித்துக்குத் தெரியும் என்பதைக் கடைசியாகச் சொன்னான். அதுவரை நிமிர்ந்திருந்தவள் அப்போதுதான் சோளக் குவியல் மேலேயே சாய்ந்து உட்கார்ந்தாள். கேட்டாள்:

"அந்த சூப்ப நான் குடிச்சேன். தினம் குடிச்சேன். அவ பக்கத்துல உக்காந்து, இன்னும் ரெண்டு வாய் குடின்னு சொல்லுவா. தெரிஞ்சா சொன்னா?"

"தெரிஞ்சுதான்."

அந்தக் குளிர்காலம் முழுக்க ஷூபல் கொட்டகையில்தான் படுத்தான். அவள் போ என்றும் சொல்லவில்லை, வா என்றும் சொல்லவில்லை. உழவு தெரியாத ஆள்; சைலஸின் மாடுகள் அவனைப் பார்த்தாலே முரண்டு பிடிக்கும். மார்ச்சில் ஒருநாள் அவள் கொட்டகை வாசலில் வந்து, "உள்ள வந்து படு. பனி இன்னும் விடல," என்று சொல்லிவிட்டுப் போனாள். அதற்கு மேல் அவர்களுக்குள் அந்தப் பேச்சு நடந்ததாக யாரும் கேட்டதில்லை. ஆனால் அவன் மாவு அரைக்க ஊருக்குள் போகும்போது எப்போது வருவாய் என்று அவள் கேட்பதில்லை; அவனும் சொல்வதில்லை. முப்பத்திரண்டு வருஷம் அப்படிப் போயிற்று.

லேபனை யாரும் சபையில் விசாரிக்கவில்லை. ஷூபல் அங்கே எழுந்து பேசியிருந்தால் விசாரித்திருப்பார்கள். மற்றவர்கள் சபைக்காரர்கள் இல்லை, அவர்கள் பேச்சு எடுபடாது. அவர் முன் பலகையிலேயே இருந்து, எழுபத்தொன்றாம் வயதில், தூக்கத்தில் போனார். ஜூடித் வருஷா வருஷம் ஒஹையோவுக்கு எழுதினாள். புருஷன் போனபோது, நீ மட்டும்தான் எனக்கு மிச்சம், ஒருமுறை வந்துவிட்டுப் போ என்று எழுதினாள். டாம்சின் அதை வாசித்துக் காட்டினாள்.

"போறியா?"

"போய் என்ன சொல்ல?"

அவள் கடிதத்தை மடித்து அலமாரியில் மற்றவற்றோடு வைத்தாள்.

பிங்கம் வம்சத்தில் மூத்த பெண்ணுக்கு ஜூடித் என்று பேர் வைப்பது நாலு தலைமுறை வழக்கம். ஷூபலுக்குப் பெண்பிள்ளைகள் நாலு: மெர்சி, லூசிண்டா, அபயா, கெசியா. மெர்சியின் பெண்கள் மூன்று, கெசியாவின் பெண்கள் ஐந்து, லூசிண்டாவுக்கு ஒருத்தி. அந்தக் கிளையில் இன்றுவரை ஒரு ஜூடித் கிடையாது. ஏன் என்று அந்தப் பிள்ளைகளுக்குத் தெரியாது.